பை சுமந்த பிள்ளைகள்



வாழ்நாள் முழுவதும் கரும்பலகையின் முன் நின்ற ஒருவன் வானொலியில் பேச வந்தால், இலக்கணத்தைப் பற்றியோ ஒழுக்கத்தைப் பற்றியோதான் பேசுவான் என்று நீங்கள் எதிர்பார்த்திருப்பீர்கள். நானோ அமெரிக்க நாட்டில் நூற்றிருபது ஆண்டுகளுக்கும் மேலாக நடந்துவரும் ஒரு கோல்ப் பந்தயத்தின் வரலாற்றைச் சொல்ல வந்திருக்கிறேன். நான் கோல்ப் ஆடியவன் அல்லன். அதன் மட்டையைக் கையால் தொட்டவனும் அல்லன். ஆயினும் இவ்வரலாற்றை நான் தேடிப் படித்ததற்குக் காரணம் ஒன்று உண்டு. அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

பல ஆண்டுகளுக்கு முன்னர், மலையூர் ஒன்றில் இருந்த உயர்நிலைப் பள்ளியில் நான் கணக்கு ஆசிரியனாகப் பணியாற்றினேன். ஒன்பதாம் வகுப்பில் ஒரு மாணவன் இருந்தான். கணக்கில் கெட்டிக்காரன். அளவைப் பாடம் நடத்தும்போது சன்னல் வழியே தெரியும் மரத்தைக் காட்டி, "அது இங்கிருந்து எத்தனை கஜம் இருக்கும்?" என்று கேட்டால், கண்ணை ஒருமுறை சுருக்கிப் பார்த்துச் சரியாகச் சொல்லிவிடுவான். ஆனால் வாரத்தில் இரண்டு நாள் வரமாட்டான். ஒருநாள் வருகைப் பதிவேட்டைக் கையில் வைத்துக்கொண்டு, "ஏன்டா நேற்று வரவில்லை?" என்று கடிந்து கேட்டேன். "கேடி வேலைக்குப் போனேன், ஐயா" என்றான். வகுப்பு முழுவதும் கொல்லென்று சிரித்தது. நானும் சிரித்துவிட்டேன். நம் ஊரில் கேடி என்றால் போக்கிரி என்றல்லவா பொருள்! அவன் முகம் சிவந்து தலை குனிந்தது. அதற்குமேல் நான் அவனை ஒன்றும் கேட்கவில்லை. அடுத்த ஆண்டு பள்ளி திறந்தபோது அவன் வரவில்லை. விதிப்படி அவன் பெயரைச் சிவப்பு மையால் கோடிட்டு நீக்கினேன்.

அவன் சொன்ன சொல்லின் பொருள் எனக்குப் பின்னர்தான் தெரிந்தது. அவ்வூரில் கோல்ப் ஆடும் புல்வெளி ஒன்று இருந்தது. ஆட வருகிறவர்களின் மட்டைப் பையைத் தோளில் சுமந்து உடன் செல்பவனுக்குக் கேடி என்று பெயர். ஆங்கிலச் சொல்தான், அதில் இழிவு ஏதும் இல்லை. தந்தை நோயாய்ப் படுத்துவிட்ட குடும்பத்திற்கு அவன் அந்தப் பையைச் சுமந்துதான் அரிசி வாங்கிக் கொடுத்தான். அவனுடைய கண்ணளவு எங்கிருந்து வந்தது என்பதும் அப்போதுதான் எனக்கு விளங்கிற்று.

இனி வரலாற்றுக்கு வருவோம்.

கோல்ப் ஆட்டம் உங்களில் பலருக்குப் பழக்கமில்லாததாய் இருக்கலாம். கோழிமுட்டையினும் சிறிய ஒரு பந்தை மட்டையால் அடித்து அடித்து, பரந்த புல்வெளியில் ஒன்றன்பின் ஒன்றாய் அமைந்த 18 குழிகளில் விழச் செய்யவேண்டும். மிகக் குறைந்த அடிகளில் முடித்தவரே வென்றவர். ஓர் ஆட்டத்திற்கு நான்கைந்து மைல் தூரம் நடக்க நேரும். தூரத்திற்கு ஒரு மட்டை, மணலுக்கு ஒரு மட்டை, குழியருகே மெல்லத் தட்ட ஒரு மட்டை என்று பலவகை மட்டைகள் வேண்டும். அவற்றைச் சுமப்பவன் பையைச் சுமப்பதோடு நிற்பதில்லை. பந்து விழுந்த இடத்தைக் கண்டுபிடிக்கிறான். அதில் ஒட்டிய மண்ணைத் துடைக்கிறான். தூரத்தையும் காற்றையும் கணித்துச் சொல்கிறான். குழியில் நட்ட கொடியைப் பிடிக்கிறான். இத்தனையும் செய்தபின் வெற்றி ஆட்டக்காரருக்கு, கூலி இவனுக்கு.

இவ்வாட்டத்தில் இருவகையினர் உண்டு. பரிசுப் பணத்திற்காக ஆடுவோர் தொழில்முறை ஆட்டக்காரர். பணம் பெறாமல் விருப்பத்தின் பொருட்டே ஆடுவோர் மற்றொரு வகையினர். அவர்களை ஆர்வ ஆட்டக்காரர் என்போம். அக்காலத்தில் ஆர்வ ஆட்டக்காரர் தம் ஆட்டத்தால் பணம் பெற்றால் அந்தத் தகுதியை இழந்துவிடுவர். இந்த வேறுபாட்டை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நான் சொல்லப்போகும் கதை முழுவதும் இந்த அச்சில்தான் சுழல்கிறது.

ஸ்காட்லாந்தில் வளர்ந்த இவ்வாட்டம் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் அமெரிக்காவில் வேரூன்றியது. அப்போது செல்வாக்கெல்லாம் நியூயார்க் முதலான கிழக்குக் கரை நகரங்களில் இருந்தது. சிகாகோ நகரமும் அதைச் சூழ்ந்த நாடும் மேற்கு என்றே கருதப்பட்டன. அந்த வட்டாரத்துக் கோல்ப் கழகங்கள் சில ஒன்றுகூடி, 1899-ஆம் ஆண்டில் மேற்குக் கோல்ப் சங்கம் என்ற அமைப்பை நிறுவின. அதே ஆண்டில் இல்லினாய் மாநிலத்துக் கிளென் வியூ கழகத்தில் ஒரு பந்தயத்தையும் தொடங்கின. தொழில்முறையினரும் ஆர்வ ஆட்டக்காரரும் கலந்துகொள்ளலாம் என்பதால் அதற்கு வெஸ்டர்ன் ஓப்பன், அதாவது மேற்கு வட்டாரத் திறந்த போட்டி, என்று பெயர். முதல் வெற்றியாளர் ஸ்காட்லாந்தின் கார்னூஸ்டி ஊரிலிருந்து வந்த வில்லி ஸ்மித் என்னும் தொழில்முறை ஆட்டக்காரர். அதே ஆண்டில் அமெரிக்கத் திறந்த போட்டியையும் அவரே வென்றார்.

வட்டாரப் பந்தயமாய்ப் பிறந்த இது விரைவில் நாடறிந்த பந்தயமாயிற்று. 1900-ஆம் ஆண்டிலும், முதல் உலகப் போரின்போது 1918-இலும், இரண்டாம் உலகப் போரின்போது 1943 முதல் 1945 வரையிலும் இது நடைபெறவில்லை. மற்றைய ஆண்டுகளில் தொடர்ந்து நடந்து வந்தது. வால்ட்டர் ஹேகன் இதனை ஐந்து முறை வென்றார். பைரன் நெல்சன் 1939-இலும், பென் ஹோகன் 1946, 1948 ஆகிய ஆண்டுகளிலும் வென்றனர். இம்மூவரும் இளமையில் பை சுமந்தவர்கள். நெல்சனும் ஹோகனும் டெக்சாஸ் மாநிலத்தில் ஒரே கழகத்தில் பை சுமந்த சிறுவர்கள் என்பது கேட்க இனிய செய்தி.

ஆனால் பை சுமந்த சிறுவர் எல்லோரும் ஹேகன் ஆகிவிட முடியுமா? ஆயிரத்தில் ஒருவன் ஆட்டத்தில் புகழடைந்தான். மற்ற தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பது பேரின் கதி என்ன? இக்கேள்வியைத் தன்னுள் கேட்டுக்கொண்ட ஒரு மனிதரால்தான் இப்பந்தயத்தின் வரலாறு மற்றைப் பந்தயங்களின் வரலாற்றிலிருந்து வேறுபடுகிறது. அவர் பெயர் சார்லஸ் எவன்ஸ். சிக் எவன்ஸ் என்று அன்போடு அழைக்கப்பட்டவர்.

எவன்ஸ் 1890-ஆம் ஆண்டில் பிறந்தவர். சிகாகோவில் வளர்ந்தவர். எட்டு வயதிலேயே எட்ஜ்வாட்டர் என்ற கழகத்தில் பை சுமக்கப் போனார். பிறர் ஆடுவதைப் பார்த்தே ஆட்டத்தைக் கற்றார். 1910-ஆம் ஆண்டில், இருபது வயது இளைஞராய், தொழில்முறை ஆட்டக்காரர்களை எதிர்த்து நின்று வெஸ்டர்ன் ஓப்பன் பட்டத்தை வென்றார். ஆர்வ ஆட்டக்காரர் ஒருவர் அப்பட்டத்தைப் பெற்றது அதுவே முதல் முறை. 1916-ஆம் ஆண்டில் அமெரிக்கத் திறந்த போட்டியையும், ஆர்வ ஆட்டக்காரருக்கான அமெரிக்கப் பட்டத்தையும் ஒரே ஆண்டில் வென்றார். அவருக்கு முன் எவரும் அதைச் செய்ததில்லை. இன்றைய விதி 14 மட்டைகளை அனுமதிக்கிறது. அவரோ அன்றைய திறந்த போட்டியில் ஏழே மட்டைகளை வைத்துக்கொண்டு 286 அடிகளில் முடித்தார். அந்த எண்ணிக்கையை இருபது ஆண்டுகள் வரை எவராலும் குறைக்க முடியவில்லை.

இத்தகைய வீரரின் வாழ்விலும் ஒரு தோல்வி இருந்தது. சிகாகோவுக்கு அருகிலுள்ள நார்த்வெஸ்டர்ன் பல்கலைக் கழகத்தில் அவர் சேர்ந்தார். ஆனால் பொருள் வசதி இன்மையால் படிப்பை இடையிலே விட்டு வெளியேற நேர்ந்தது. ஆட்டத்தில் அவரை வென்றவர் சிலரே. கல்லூரிக் கட்டணம் அவரை எளிதாக வென்றுவிட்டது.

புகழ் வந்தபின் பணமும் அவரைத் தேடி வந்தது. கோல்ப் ஆடும் முறையை அவர் பேச்சில் விளக்கி, அது இசைத்தட்டுகளாய்ப் பதிவாகி விற்பனைக்கு வந்தது. அவற்றின் வருவாயில் அவருக்கும் பங்கு உண்டு. ஆனால் அதனைக் கையில் வாங்கினால் ஆர்வ ஆட்டக்காரர் என்ற தகுதி போய்விடும். பணமா, தகுதியா என்ற கேள்வி எழுந்தது. அவர் பணத்தைத் தொடவில்லை. தனியே ஒதுக்கி வைக்கச் செய்தார். அப்பணத்தை என்ன செய்வது என்பதற்கு வழி காட்டியவர் அவருடைய அன்னை. பை சுமக்கும் ஏழைப் பிள்ளைகளைக் கல்லூரிக்கு அனுப்பும் அறநிதியாக அதை ஆக்கலாம் என்று அந்த அம்மையார் கருதினார். தம் மகன் பாதியில் விட்ட படிப்பைப் பிறர் மக்கள் முடிக்கட்டும் என்று அந்தத் தாயுள்ளம் எண்ணியது போலும்!

எவன்ஸ் அந்த நிதியைத் தாமே வைத்துக்கொண்டு தமக்குத் தெரிந்த நாலு பேருக்கு உதவியிருக்கலாம். அவ்வாறு செய்திருந்தால் அவரோடு அறமும் முடிந்திருக்கும். அவர் மேற்குக் கோல்ப் சங்கத்தை அணுகி, நிதியை நடத்தும் பொறுப்பை ஏற்கச் செய்தார். 1930-ஆம் ஆண்டில் முதல் இரண்டு மாணவர்கள் அந்நிதியால் கல்லூரியில் சேர்ந்தனர். எந்தக் கல்லூரி தெரியுமா? எவன்ஸ் படிப்பை விட்டு வெளியேறிய அதே நார்த்வெஸ்டர்ன் பல்கலைக் கழகம்!

அந்த ஆண்டின் நிலையை எண்ணிப் பாருங்கள். 1929-இல் அமெரிக்கப் பங்குச் சந்தை சரிந்து, நாடெங்கும் வேலையின்மை பரவிய காலம். தொடங்கிய அறங்களே நின்றுபோகும் வேளையில் இந்த அறம் தொடங்கிற்று. அதே 1930-ஆம் ஆண்டின் வெஸ்டர்ன் ஓப்பன் பந்தயத்தை வென்றவர் ஜீன் சாரசன். இத்தாலியிலிருந்து குடியேறிய ஒரு தச்சரின் மகன். அவரும் சிறுவயதில் பை சுமந்தவர். பள்ளிப் படிப்பை முடிக்காதவர். ஒரே ஆண்டில், பை சுமந்த ஒருவர் கோப்பையை ஏந்தினார். பை சுமந்த வேறிருவர் கல்லூரி வாயிலில் நுழைந்தனர். முதற் செய்தி அன்றே பலர் அறிய வெளிவந்தது. இரண்டாவது செய்தியின் பெருமை தெரியப் பல்லாண்டுகள் ஆயின.

இவ்வுதவி எவ்வாறு வழங்கப்படுகிறது என்பதை மாணவராகிய நீங்கள் அறியவேண்டும். கோல்ப் நன்றாக ஆடுவோருக்கு அது கிடைக்கும் என்று எண்ணிவிடாதீர்கள். ஆட்டத் திறமை அங்கே கணக்கில் இல்லை. பார்ப்பவை நான்கு: பை சுமக்கும் பணியை ஒழுங்காகச் செய்தமை, பள்ளியில் சிறந்த மதிப்பெண், குடும்பத்தின் பொருள் நிலை, நல்லொழுக்கம். இறுதியில் சங்கத்தினர் முன் நேர்காணல் உண்டு. தேர்வு பெற்றவருக்கு நான்கு ஆண்டுக் கல்லூரிக் கட்டணமும் தங்கும் செலவும் முழுமையாகக் கிடைக்கின்றன. பல பல்கலைக் கழகங்களில் இம்மாணவர்கள் ஒரே இல்லத்தில் தங்கி, இல்லத்தின் வேலைகளைத் தாமே பங்கிட்டு நடத்துகின்றனர். இன்று பெண்களும் இவ்வுதவியைப் பெறுகின்றனர். 1930 முதல் இதுவரை 11,000-க்கும் மேற்பட்டோர் இவ்வறநிதியால் பட்டம் பெற்றுள்ளனர். ஒரே காலத்தில் ஆயிரம் பேருக்கு மேல் படித்துக்கொண்டிருக்கின்றனர்.

இத்தனை பேரைப் படிக்கவைக்கப் பணம் எங்கிருந்து வருகிறது? எவன்ஸ் ஒருவரின் இசைத்தட்டுப் பணம் போதுமா? போதாது. கழகங்களில் ஆடும் பல்லாயிரவர் ஆண்டுதோறும் தரும் சிறு தொகைகள் ஒருபுறம். இவ்வுதவியால் படித்து முன்னேறிய பழைய மாணவர்கள் திருப்பித் தரும் நன்கொடை மற்றொருபுறம். இவற்றோடு பந்தயத்தின் வருவாயும் சேர்கிறது. உலகின் சிறந்த தொழில்முறை ஆட்டக்காரர்கள் ஆட வரும்போது, காண வருவோர் சீட்டு வாங்குகின்றனர். வணிக நிறுவனங்கள் பொருள் தருகின்றன. செலவு போக எஞ்சும் தொகை பிள்ளைகளின் படிப்புக்குப் போய்ச் சேருகிறது. வாய்க்கால் வழியே ஓடும் நீர் வயலைச் சேர்வது போல, பந்தயத்தின் ஆரவாரம் அடங்கியபின் அதன் பயன் கல்லூரிகளைச் சேர்கிறது.

பந்தயத்தின் வரலாற்றில் இன்னொரு நிகழ்ச்சியையும் கூறவேண்டும். எவன்ஸ் வென்று எழுபத்தைந்து ஆண்டுகள் கழித்து, 1985-ஆம் ஆண்டில், ஸ்காட் வெர்ப்ளாங்க் என்ற கல்லூரி மாணவர் இப்பட்டத்தை வென்றார். அவரும் ஆர்வ ஆட்டக்காரர். எனவே முதற்பரிசான 90,000 டாலரை அவர் பெற இயலவில்லை. அத்தொகை அவரிடம் தோற்ற ஜிம் தார்ப் என்ற தொழில்முறை ஆட்டக்காரருக்குச் சென்றது. தார்ப் ஆட்டப் புல்வெளியைப் பராமரிக்கும் தொழிலாளி ஒருவரின் மகன். கோப்பை மாணவருக்கு, பணம் உழைப்பாளியின் மகனுக்கு! அந்த நாளைக் காண எவன்ஸ் இல்லை; அவர் 1979-ஆம் ஆண்டில் 89-ஆம் வயதில் மறைந்தார். கடைசிவரை அவர் தொழில்முறை ஆட்டக்காரராய் மாறவே இல்லை. ஆர்வ ஆட்டக்காரருக்கான அமெரிக்கப் போட்டியில் மட்டும் 50 முறை கலந்துகொண்டார்.

ஒரு நிறுவனத்தின் நன்மையை மட்டும் சொல்லி அதன் குறையை மறைப்பது ஆசிரியனுக்கு அழகன்று. 1974 முதல் 1990 வரை இப்பந்தயம் பட்லர் நேஷனல் என்ற கழகத்தில் நடைபெற்றது. அக்கழகம் ஆண்களை மட்டுமே உறுப்பினராய்ச் சேர்த்தது. உறுப்பினர் சேர்க்கையில் வேற்றுமை பாராட்டும் கழகங்களில் பந்தயங்கள் நடத்தலாகாது என்ற விதி 1990-இல் வந்தபோது, அக்கழகம் தன் வழக்கத்தை மாற்றிக்கொள்ளவில்லை. பந்தயம்தான் இடம் மாறிற்று. 1991 முதல், கட்டணம் செலுத்தும் எவரும் ஆடக்கூடிய காக் ஹில் என்ற பொதுத் திடலில் அது நடைபெற்றது. அத்திடலின் உரிமையாளராய் இருந்த ஜோ ஜெம்செக் என்பவரும் இளமையில் பை சுமந்தவரே.

2007-ஆம் ஆண்டில் மற்றொரு மாற்றம் வந்தது. நூற்றாண்டு கண்ட வெஸ்டர்ன் ஓப்பன் என்ற பெயர் நீங்கி, ஒரு மோட்டார் நிறுவனத்தின் பெயரால் பி.எம்.டபிள்யூ. சாம்பியன்ஷிப் என்ற பெயர் வந்தது. 1962 முதல் சிகாகோ வட்டாரத்திலேயே நடந்து வந்த பந்தயம் மீண்டும் ஊர் ஊராய்ச் செல்லத் தொடங்கியது. அந்த ஆண்டில் முன்னணியில் நிற்கும் சிலர் மட்டுமே ஆடலாம் என்றும் ஆயிற்று. யாவர்க்கும் திறந்தது என்ற பெயருக்கு உரிய பொருளும் பெயரோடு போயிற்று. பழமையை நேசித்தவர் பலர் வருந்தினர். அவர்கள் வருத்தம் நியாயமானதே. ஆயினும் பந்தயத்தின் வருவாய் முன்போலவே, இன்னும் பெருகிய அளவில், எவன்ஸ் அறநிதியைச் சேர்ந்தது. பெயரை இழந்து பயனைக் காத்துக்கொண்டது என்று சொல்லலாம்.

வேறொரு குறையும் உண்டு. மட்டைப் பையை ஏற்றிச் செல்லும் சிறு மோட்டார் வண்டிகள் பெருகியதால், அமெரிக்கத் திடல்கள் பலவற்றில் பை சுமக்கும் வேலையே அருகிவிட்டது. மேலும், திடலுக்கு அருகில் வாழும் பிள்ளைக்குத்தான் இந்த வாசல் திறக்கும். தொலைவில் வாழும் ஏழைப் பிள்ளை என்ன செய்வான்? உண்மைதான். ஓர் அறம் உலகத்தின் பசி முழுவதையும் தீர்த்துவிடாது. ஆனால் எவன்ஸ் தாம் அறிந்த வறுமையைத்தான் தீர்க்க முற்பட்டார். தாம் சுமந்த பையின் கனம் அவர் தோளுக்குத் தெரியும். தாம் செலுத்த முடியாத கட்டணத்தின் கனம் அவர் நெஞ்சுக்குத் தெரியும். தெரிந்த இடத்தில் தொடங்கினார். அதனால் அது நிலைத்தது.

இன்னொன்றும் கருதத்தக்கது. இவ்வுதவி பெறும் மாணவன் எவர்முன்னும் தலை குனிய வேண்டியதில்லை. வெயிலில் நடந்திருக்கிறான், சுமை சுமந்திருக்கிறான், இரவில் படித்திருக்கிறான். அவன் பெறுவது இரந்து பெற்றதன்று, உழைத்துத் தகுதியாக்கிக்கொண்டது.

நான் தொடக்கத்தில் சொன்ன மாணவனின் கதை இன்னும் முடியவில்லை. சில ஆண்டுகள் கழித்து ஒருநாள் மாலை, பேருந்து நிலையத்தில் என் பெட்டியோடு நின்றிருந்தேன். "ஐயா, நலமாக இருக்கிறீர்களா?" என்று ஒரு குரல் கேட்டது. அவன்தான். நான் மறுமொழி கூறுமுன் என் பெட்டியை வாங்கித் தோளில் வைத்துக்கொண்டான். பேருந்தில் ஏற்றி வைத்துவிட்டு, "அந்த மரம் நூற்றுப் பத்து கஜம், ஐயா, இப்போதும் நினைவிருக்கிறது" என்று சொல்லிச் சிரித்தான். நான் சிரிக்க முடியாமல் அமர்ந்திருந்தேன். அவனுக்கு அறிவு குறைவில்லை; உழைப்பு குறைவில்லை. "கேடி வேலை என்றால் என்னடா?" என்று அன்று ஒரு கேள்வி நான் கேட்டிருக்கலாம். அக்கேள்வியைக் கேட்டிருந்தால், ஒருவேளை ஊரில் நாலு பேரிடம் சொல்லி அவன் படிப்புக்கு வழி தேடியிருக்கலாம். நான் கேட்கவில்லை. அதன்பின் என் பணிக்காலம் முடியும்வரை, வராத பிள்ளையின் வீட்டைத் தேடிச் சென்று பார்க்காமல் எந்தப் பெயரையும் நான் நீக்கியதில்லை.

மாணவ நண்பர்களே! உங்கள் வகுப்பிலும் அடிக்கடி வராத ஒருவன் இருப்பான். பதிவேட்டில் அவன் பெயருக்கு நேரே இருப்பது வெறும் கோடு. அவன் அந்த நேரத்தில் எந்தச் சுமையைச் சுமந்துகொண்டிருக்கிறான் என்பது பதிவேட்டில் இராது. அதை நீங்கள்தான் கேட்டு அறியவேண்டும். நாளை நீங்கள் பொருள் ஈட்டும் நாளில், அவனைப் போன்ற ஒருவனுக்குக் கட்டணம் செலுத்தும் வாய்ப்பு வந்தால், தனியே கொடுத்துத் திருப்தி அடையாதீர்கள். நாலு பேர் கூடி, உங்களுக்குப் பின்னும் நிலைக்கும்படி ஓர் ஏற்பாடு செய்யுங்கள். பந்தயங்களை வென்றவர்களின் பெயர்கள் கோப்பைகளில் பொறிக்கப்படுகின்றன. எவன்ஸின் பெயரோ பதினோராயிரம் பட்டதாரிகளின் வாழ்வில் பொறிக்கப்பட்டிருக்கிறது.